குதிகால் கிழவர்

டிரைவிங் ஸ்கூலில் அவளுக்கு பிரேக் அக்கா என்று பெயர். யார் வைத்த பெயரென்று தெரியாது. கற்றுக்கொள்ள வருகிறவர்கள் ஸ்டியரிங்கைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு உயிரைவிட்டுக் கொண்டிருக்க, பக்கத்து இருக்கையில் அவள் பாட்டுக்குச் சாவகாசமாக உட்கார்ந்திருப்பாள். அவள் காலடியிலும் ஒரு பிரேக் உண்டு. டிரைவிங் ஸ்கூல் வண்டிகளில் அப்படித்தான். ஓட்டுகிறவருக்கு ஒன்று, சொல்லிக்கொடுக்கிறவருக்கு ஒன்று. வண்டி தறிகெட்டு ஓடும்போது அவள் கத்தமாட்டாள், திட்டமாட்டாள். வலது காலை லேசாக அழுத்துவாள். வண்டி நின்றுவிடும். "ம், மறுபடி ஸ்டார்ட் பண்ணுங்க" என்பாள், ஒன்றுமே நடக்காத மாதிரி.

வண்டியில் ஏறியதும் செருப்பைக் கழற்றி இருக்கைக்கு அடியில் தள்ளிவிடுவது அவள் வழக்கம். வெறுங்காலால் மிதித்தால்தான் பெடல் எவ்வளவு இறங்குகிறதென்று தெரியும் என்பது அவள் கட்சி. முதலாளிக்கு அது பிடிக்காது. "யூனிஃபார்ம் போட்டுக்கிட்டு வெறுங்கால்ல உக்காந்திருந்தா பாக்கிறவங்க என்ன நினைப்பாங்க?" என்று ஒருநாள் கேட்டார். "அப்படி நினைக்கிறவங்க யாராவது இருந்தா கூட்டிட்டு வாங்க சார். இன்னிக்குப் புதுசா சேர்ந்தவரு ஓட்டுறாரு, பின்னாடி உக்காத்தி வைப்போம்" என்றாள்.

வேலையிடத்தில் இப்படி வாயாடுகிறவள் வீட்டுக்குள் நுழைந்ததும் வேறு ஆள். கணவனைக் கண்டால் அவளுக்குக் கொஞ்சம் பயம், கொஞ்சம் பெருமை, நிறைய ஏக்கம். பயம் என்றால் அவன் அடிப்பான் உதைப்பான் என்றல்ல. குடியில்லை, கோபமில்லை, சாப்பிட்ட தட்டைத் தானே கழுவி வைக்கிற மனிதன். அவனிடம் ஒரே ஒரு குறைதான். அவளைப் பார்க்கமாட்டான். இடுப்புவரை இருந்த தலைமுடியை அவள் ஒருநாள் கழுத்தோடு வெட்டிக்கொண்டு வந்து நின்றாள். ஒரு வாரம் கழித்து, "சீப்பில முடியே காணோமே, புதுச் சீப்பா?" என்று கேட்டான். இந்தக் கதையை அவளே எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பாள். சொல்லி முடித்ததும் முகம் வாடிவிடும்.

அவனுக்குக் கடைத்தெருவில் ஒரு போட்டோ கடையில் வேலை. அடையாள அட்டைக்கும் விண்ணப்பத்துக்கும் ஒட்டுகிற சின்னப் படங்கள் எடுப்பது. காலையிலிருந்து பொழுது சாயும்வரை முகங்கள். நாடியைக் கொஞ்சம் இறக்குங்க, காது தெரியணும், சிரிக்காதீங்க, அடுத்து யாரு. முகங்களைப் பார்த்துப் பார்த்து அவனுக்குப் புளித்துப்போய்விட்டது. "கேமராவைக் கண்டதும் முகம் பொய் சொல்ல ஆரம்பிச்சிடும். முழங்கால் பொய் சொல்லுமா? சொல்லு பாப்போம்" என்பான். அதனால் ஞாயிற்றுக்கிழமைகளில் அவன் முழங்காலைப் படமெடுத்தான்.

விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அவன் எடுத்த முதல் குறும்படத்தில் அவனுடைய முழங்கால்தான் கதாநாயகன். மடக்கினால் கொட்டாவி விடுகிற, நீட்டினால் எரிந்துவிழுகிற ஒரு வீட்டுக்காரர். அடுத்த படத்தில் இரண்டு காதுகள் ஒன்றை ஒன்று பார்க்க முடியாமலே சண்டை போட்டன. அதற்கடுத்ததில் ஐந்து விரல்கள் ஒரு குடும்பமாக பஸ்ஸுக்கு நின்றன. சுண்டுவிரல் கடைசிவரை அழுதுகொண்டே இருந்தது. ஒரு நூலளவு நகர்த்தி ஒரு படம், இன்னொரு நூலளவு நகர்த்தி இன்னொரு படம் என்று நாள் முழுக்க எடுத்துச் சேர்த்தால், திரையில் ஒரு டம்ளர் தண்ணீர் குடிக்கிற நேரத்துக்குத்தான் வரும். ஆனால் அந்த நேரத்துக்கு முழங்காலுக்கு உயிர் வந்துவிடும். அதைப் பார்க்கிறவர்கள் முதலில் சிரிப்பார்கள், பிறகு கொஞ்சம் மிரளுவார்கள். இப்படிப்பட்ட சோதனைப் படங்களுக்கென்றே சின்னச் சின்னத் திரையிடல்கள் நடக்கும். இருபது முப்பது பேர் வருவார்கள். தாடியைத் தடவிக்கொண்டு கேள்வி கேட்பார்கள். வீட்டுக்குத் திரும்பும்போது அவனுக்குக் கால் தரையில் பாவாது.

அவளுடைய முறை வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். கட்டிலில் மல்லாந்து படுத்து, காலைச் சுவரில் உயரத் தூக்கி வைத்துக்கொண்டு ஏதோ வாரப்பத்திரிகை படித்துக்கொண்டிருந்தாள். அறைக்குள் வந்தவன் அப்படியே நின்றுவிட்டான். பக்கத்தில் வந்து உட்கார்ந்து அவள் வலது பாதத்தை இரண்டு கையாலும் ஏந்திப் பார்த்தான். பார்த்தான் என்றால் அப்படியொரு பார்வை. கல்யாணமான நாளிலிருந்து அவளுடைய எதையும் அவன் அப்படிப் பார்த்ததில்லை.

"என்னங்க?" என்றாள். குரல் அவளுக்கே வேறு மாதிரி கேட்டது.

"அசையாதே. இங்க ஒரு கிழவர் இருக்காரு."

உள்ளங்காலின் வரிகள் நெற்றிச் சுருக்கமாம். குதிகால் வெடிப்புகள் நரைத்த தாடியாம். விரல்கள் காற்றில் பறக்கிற முடியாம். குதிகாலுக்குச் சற்று மேலே, ஓரமாக, மிளகைவிடச் சின்னதாக ஒரு கறுப்புப் புள்ளி. அது ஒற்றைக் கண். அவன் கண்ணாடியை எடுத்துவந்து அவளுக்குக் காட்டினான். அவளுக்கும் கிழவர் தெரிந்துவிட்டார். "ஐயோ, ஆமா! முறைக்கிறாரே!" என்று வாய்விட்டுச் சிரித்தாள்.

மறு வாரமே அறை மாறிப்போனது. கட்டிலை நடுவில் இழுத்துப்போட்டு, குறுக்கே ஒரு கறுப்புத் துணியைக் கட்டினான். துணியில் ஓர் ஓட்டை. அவள் இந்தப் பக்கம் படுத்து ஓட்டை வழியே காலை நீட்டவேண்டும். அந்தப் பக்கம் கேமரா, விளக்கு, அவன். கால் ஆடாமலிருக்க ஒரு மரக்கட்டையில் வைத்து, வலிக்காதபடி துணியால் கட்டிவிடுவான். ஜன்னலை மூடிவிடுவான், வெயில் ஏறி இறங்கினால் படம் கெட்டுவிடும். பிறகு மணிக்கணக்காக அவளுக்குத் தெரிவதெல்லாம் கறுப்புத் துணிதான். கேட்பதெல்லாம் அவன் மூச்சும் கேமராவின் சின்னச் சத்தமும்.

ஆனால் அவர்கள் பேசிக்கொண்டது அப்போதுதான். முகத்துக்கு முகம் இருந்தவரை வராத பேச்செல்லாம் துணி குறுக்கே வந்ததும் வந்தது. கிழவர் வாசலில் உட்கார்ந்து யாருக்காகவோ காத்திருக்கிறார் என்றான்.

"யாருக்காகன்னு இன்னும் தெரியல. நீ சொல்லேன்."

"பொண்டாட்டிக்காக இருக்கும்" என்றாள். "சாயங்காலம் வந்துடறேன்னு சொல்லிட்டுப் போயிருப்பா."

அந்தப் பக்கம் சத்தம் நின்றது. "பிரமாதம். இந்தக் கதையில பாதி உன்னோடது" என்றான். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு அவள் வாரம் முழுக்க வண்டியில் சிரித்த முகமாக உட்கார்ந்திருந்தாள். கற்றுக்கொள்ள வந்த ஒருவர் தன்னைப் பார்த்துத்தான் சிரிக்கிறாளென்று நினைத்து, கோபித்துக்கொண்டு வேறு ஸ்கூலுக்குப் போய்விட்டார்.

கிழவர் வீட்டில் ஓர் ஆளாகவே ஆகிவிட்டார். "கிழவருக்குக் குளிருதாம்" என்று சொல்லி அவள் காலுறை மாட்டிக்கொள்வாள். "கிழவர் இன்னிக்கு ரொம்ப நேரம் நின்னுட்டாரு" என்று அவன் வெந்நீர் கொண்டுவந்து வைப்பான். பாதத்தைத் துடைத்துவிடுவான். பிள்ளையில்லாத வீட்டில் அந்தப் பாதத்துக்கு நடந்த உபசாரம் கொஞ்சநஞ்சமல்ல.

சில மாதம் கழித்து, எடுத்த காட்சிகளையெல்லாம் வரிசையாக ஓட்டிப் பார்த்தவன் திடுக்கிட்டான். முதல் காட்சியிலிருந்த கண்ணும் கடைசியாக எடுத்த கண்ணும் ஒன்றல்ல. பெரிதாகியிருந்தது. மிளகைவிடச் சின்னதாக இருந்தது இப்போது சட்டைப் பொத்தானளவு. முதலில் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான். இத்தனை நாள் உழைப்பும் வீண், ஒரு காட்சியோடு ஒரு காட்சி ஒட்டாதே என்று. சாயங்காலத்துக்குள் அவனுக்கு வேறு புத்தி உதித்தது. வீட்டுக்குள் குறுக்கும் நெடுக்கும் நடந்தான்.

"காத்திருக்கக் காத்திருக்கக் கண்ணு பெருசாகுது. அதான் கதை! உக்காந்து யோசிச்சா வராது இது. உன் கால் தானா யோசிச்சிருக்கு!" என்று அவள் தோளைப் பிடித்து உலுக்கினான்.

அவளும் சந்தோஷப்பட்டாள். தன்னிடமிருந்து ஏதோ ஒன்று வளர்கிறது, அதை அவன் கொண்டாடுகிறான் என்ற சந்தோஷம். இதை எழுதும்போதே கைக்கு எரிச்சலாக இருக்கிறது. ஆனால் நடந்தது அதுதான்.

அப்போது அவளிடம் வண்டி கற்றுக்கொண்டிருந்தவர்களில் ஒரு நர்ஸ் உண்டு. கெட்டிக்காரி, ஆனால் வண்டியைப் பின்னால் எடுக்கச் சொன்னால் மட்டும் ஸ்டியரிங்கைத் தப்புப் பக்கம் திருப்பிவிடுவாள். ஒருநாள் மைதானத்து ஓரம் வண்டியை நிறுத்தி ஓய்வெடுத்துக்கொண்டிருந்தபோது, பிரேக் அக்கா காலை மடித்து இருக்கைமேல் வைத்துக்கொண்டு குதிகாலைச் சொறிந்தாள். கொஞ்ச நாளாக அங்கே அரிப்பு.

"அக்கா, அது என்ன?"

"அதுவா? கிழவரோட கண்ணு" என்று சொல்லி, கதை முழுவதையும் அளந்தாள்.

நர்ஸ் சிரிக்கவில்லை. காலைத் தன் பக்கம் இழுத்து, வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். "ஓரம் ஒழுங்கா இல்ல. நிறமும் ஒரே மாதிரி இல்ல, பாருங்க. எப்பலருந்து பெருசாகுது?"

"கொஞ்ச மாசமாத்தான். நல்லா வந்திருக்குன்னு அவரு சொன்னாரு."

"நல்லா வர்றதா? அக்கா, விளையாடாதீங்க. எங்க ஆஸ்பத்திரியிலயே தோல் டாக்டர் இருக்காங்க. இந்த வாரமே காட்டுங்க. சின்னதா இருக்கும்போதே எடுத்துட்டா ஒண்ணுமில்ல."

சாயங்காலம் கணவனிடம் சொன்னாள். அவன் முகம் சுண்டிப்போனதை அவள் பார்த்தாள். தனக்காகப் பயப்படுகிறான் என்று நினைத்தாள். "காட்டத்தான் வேணும். வேணாம்னு யாரு சொன்னா?" என்றான். பிறகு மெல்ல, "ஆனா காட்டினா உடனே எடுத்துடுவாங்க. எடுத்துட்டா கிழவர் போயிடுவாரு. இன்னும் மூணே காட்சிதான் பாக்கி" என்றான்.

"அதுக்குள்ள ஏதாவது ஆயிட்டா?"

"நான்தான் பாத்துக்கிட்டே இருக்கேனே! லென்ஸ் வச்சுப் பாக்கிறேன். உன் காலை உன்னைவிட அதிகமா பாத்தவன் நான். ஏதாவது ஆனா எனக்குத் தெரியாதா?"

இதில் பொய் ஒன்றுமில்லை. உலகத்தில் எந்தப் புருஷனும் பெண்டாட்டியின் குதிகாலை அவ்வளவு நேரம் பார்த்திருக்கமாட்டான். அவன் பார்த்ததெல்லாம் கிழவரை. காலைப் பார்த்தானா என்பது வேறு விஷயம்.

சரி, அவளுக்கு என்ன கேடு? யாரும் அவள் காலைக் கட்டிப் போடவில்லையே என்று கேட்கலாம். ஞாயிற்றுக்கிழமைகளில் கட்டித்தான் போட்டிருந்தான், அது ஒருபுறம் இருக்கட்டும். உண்மைக் காரணத்தை அவள் பின்னால் தங்கையிடம் மட்டும் சொன்னாள். படம் முடிந்துவிட்டால் கறுப்புத் துணி அவிழ்ந்துவிடும். துணி அவிழ்ந்தால் பேச்சும் போய்விடும், வெந்நீரும் போய்விடும். அடுத்தது யாருடைய முழங்கையோ, யாருடைய மூக்கோ. அந்தப் பயம் அவளுக்குப் புள்ளியைவிடப் பெரிதாக இருந்தது.

"காட்டிட்டேன்மா, ஒண்ணுமில்லன்னுட்டாங்க" என்று நர்ஸிடம் பொய் சொன்னாள். நர்ஸ் பாவம், நம்பிவிட்டாள். லைசென்ஸ் வாங்கிக்கொண்டு, இரண்டு கையையும் பிடித்து நன்றி சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மூன்று காட்சி எட்டுக் காட்சியானது. நடுவில் விளக்கு ஒன்று எரிந்துபோய், புது விளக்கின் மஞ்சள் பழைய மஞ்சளோடு சேரவில்லையென்று எடுத்ததையெல்லாம் திரும்ப எடுத்தான். அவசரப்படுத்தினால் கலை வராது என்பான். ஒருநாள் துணிக்கு அந்தப் பக்கத்திலிருந்து "அடடா" என்றான்.

"என்னங்க?"

"கண்ணு கலங்கியிருக்கு. ஈரம் மினுங்குது, லைட்ல தெரியும். இரு."

புள்ளியில் கசிவு. பஞ்சால் ஒற்றியெடுத்து, முகப் பவுடர் தூவி, மெல்ல ஊதினான். துணிக்கு இந்தப் பக்கம் அவள் அந்த மூச்சுக்காற்றைக் குதிகாலில் உணர்ந்து கண்ணை மூடிக்கொண்டாள். அந்த நிமிஷம் அவளைவிடச் சந்தோஷமான பெண் அந்தத் தெருவில் இருந்திருக்கமாட்டாள்.

காலுறையில் இரத்தம் ஒட்ட ஆரம்பித்ததை அவளே துவைத்து மறைத்தாள். கடைசியில் காட்டிக்கொடுத்தது வண்டிதான். புதிதாகச் சேர்ந்த ஒருவர் ஒரு திருப்பத்தில் பிரேக்கென்று நினைத்து ஆக்ஸிலரேட்டரை மிதித்தார். அவள் வழக்கம்போல வலது காலை அழுத்தினாள். குதிகாலிலிருந்து முழங்கால்வரை வலி சுண்டியிழுத்தது. கால் தன்னையறியாமல் பின்வாங்கியது. வண்டி ஒரு வீட்டுக் கேட்டில் மோதி நின்றது. யாருக்கும் அடியில்லை. ஆனால் இத்தனை வருஷத்தில் அவள் வண்டி எதிலும் மோதியதில்லை. முதலாளி திட்டவில்லை, அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, அவளுடைய தங்கைக்குப் போன் செய்தார்.

தங்கைக்காரி ஒரு பள்ளி அலுவலகத்தில் வேலை பார்ப்பவள், நாக்கில் ஈரமில்லாதவள். வந்ததும் காலுறையைக் கழற்றிப் பார்த்தாள். "அக்கா, உனக்குப் புத்தி பிசகிப்போச்சா? இதை வச்சுக்கிட்டா சினிமா எடுத்துக்கிட்டிருக்கீங்க ரெண்டு பேரும்?" என்று கத்தினாள். பக்கத்தில் நின்ற அக்காள் புருஷனைப் பார்த்து, "மாமா, நீங்க ஒரு வார்த்தை பேசாதீங்க" என்றாள், அவன் பேசவே இல்லை. அன்றைக்கே ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். அவனும் பின்னாலேயே போனான்.

சில நாள் கழித்து, பரிசோதனைகள் எல்லாம் முடிந்து டாக்டர் கூப்பிட்டு உட்காரவைத்தார். நடுத்தர வயதுப் பெண்மணி, நிதானமான பேச்சு. புற்று என்றார். எப்போதிலிருந்து வளர்கிறது என்று தெரிந்தால் நல்லது என்றார்.

"சரியா சொல்லத் தெரியல டாக்டர்" என்றாள் அவள்.

"பரவால்ல. பழைய போட்டோ ஏதாவது இருக்கா? சில பேரு போன்ல எடுத்து வச்சிருப்பாங்க."

அவன் முகம் மலர்ந்தது. அவ்வளவு நேரம் குற்றவாளிபோல் மூலையில் உட்கார்ந்திருந்தவனுக்குக் கடைசியில் தன்னால் ஆகக்கூடிய ஒரு காரியம் கிடைத்துவிட்டது. "போட்டோவா? நிறைய இருக்கு டாக்டர்" என்று பையிலிருந்து லேப்டாப்பை எடுத்தான். ஜன்னல் வெளிச்சம் விழாதபடி திருப்பி வைத்தான். "இன்னும் சவுண்டு சேக்கல, மன்னிச்சுக்கணும்" என்று சொல்லிவிட்டு ஓடவிட்டான்.

அந்தச் சின்ன அறையில் நாலு பேரும் பார்த்தார்கள். திரையில் கிழவர் தாடியை அசைத்தார். பெருமூச்சு விட்டார். தெருவைப் பார்த்தார். பார்க்கப் பார்க்க அந்த ஒற்றைக் கண் மிளகாக இருந்து பொத்தானாகி, பொத்தானிலிருந்து ஓரம் பிய்ந்த நாணயமாகி, கடைசியில் கலங்கியது. இத்தனை மாதம் நடந்தது இரண்டு மூன்று நிமிஷத்தில் முடிந்துவிட்டது. தங்கை வாயைப் பொத்திக்கொண்டாள்.

"கொஞ்சம் பின்னாடி போங்க" என்றார் டாக்டர். "இன்னும் கொஞ்சம். அங்கதான். நிறுத்துங்க. இது எப்ப எடுத்தது?"

அவனுக்கு மனப்பாடம். மாதத்தைச் சொன்னான். நர்ஸ் பார்த்துச் சொன்ன அதே சமயம்.

"அப்பவே வந்திருந்தீங்கன்னா சின்னதா வெட்டியெடுத்து, தையல் போட்டு, அன்னிக்கே வீட்டுக்கு அனுப்பியிருப்போம்."

அவன் திரையில் நின்றுகொண்டிருந்த கிழவரைப் பார்த்தான். ஏதாவது சொல்லியாகவேண்டும்போல் இருந்திருக்கும்.

"கதை அந்த இடத்துலதான் திரும்புது டாக்டர்" என்றான்.

சொன்ன பிறகு அவனே பதறிப்போனான். ஆனால் சொல் வெளியே வந்துவிட்டது. டாக்டர் அவனை அப்புறம் ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. அவளிடம் மட்டும் பேசினார். வேர் எலும்புவரை போயிருக்கிறது, குதிகாலை வைத்துக்கொண்டு இதை எடுக்க வழியில்லை, கணுக்காலுக்கு மேலே எடுத்தாகவேண்டும், அதன் பிறகும் வேறெங்காவது பரவியிருக்கிறதா என்று விடாமல் பார்த்துக்கொண்டே இருக்கவேண்டும். அவள் தலையை ஆட்டிக்கொண்டே கேட்டாள். எல்லாம் சொல்லி முடித்ததும், "வண்டியில எனக்கு வலது கால்தான் டாக்டர் முக்கியம்" என்றாள். அவருக்கு அது புரியவில்லை.

நடைக்கூடத்தில் அவன் சுவரில் சாய்ந்து தேம்பித் தேம்பி அழுதான். நடிப்பில்லை. போகிறவர் வருகிறவரெல்லாம் அவனுக்குத்தான் ஏதோ ஆகிவிட்டதென்று நினைத்துத் தண்ணீர் கொடுத்தார்கள். அவளும் முதுகைத் தடவிக் கொடுத்தாள்.

ஆபரேஷனுக்கு நாள் குறித்தாயிற்று. தங்கை தன் வீட்டுக்குத் துணிமணி எடுத்துவரப் போயிருந்த ஒரு மத்தியானம், அவன் அறை வாசலில் வந்து நின்றான். கறுப்புத் துணி இன்னும் அவிழ்க்கப்படாமல் தொங்கிக்கொண்டிருந்தது.

"கடைசிக் காட்சி ஒண்ணுதான் பாக்கி" என்றான். "எப்படியும்..."

மனுஷனா அவன் என்று தங்கை பிற்பாடு கேட்டாள். கேட்கவேண்டிய கேள்விதான். ஆனால் அக்காள் கேட்கவில்லை. எழுந்துபோய்க் கட்டிலில் படுத்து, ஓட்டை வழியே காலை நீட்டினாள். கிழவருக்கு ஒரு முடிவு வேண்டாமா என்று அவளுக்கும் இருந்தது. இவ்வளவும் கொடுத்தாயிற்று, அரைகுறையாக நின்றுவிட்டால் அது எதற்காக? அவன் கட்டினான், விளக்கைப் போட்டான். கதவு திறந்து கிழவர் முகத்தில் வெளிச்சம் விழவேண்டும். வந்தது யாரென்று காட்டப்போவதில்லை. எடுக்க ஆரம்பித்தான். துணிக்கு இந்தப் பக்கம் அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. சத்தம் வராமல் அழுதாள். உடம்பு குலுங்கியது.

"ஆடாதே" என்றான் அந்தப் பக்கத்திலிருந்து.

தலையணை நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டு, அவள் ஆடாமல் இருந்தாள்.

கால் போயிற்று. முதலாளி நல்லவர், வேலையை விட்டு அனுப்பவில்லை. அலுவலகத்தில் போன் எடுக்கிற மேஜையில் உட்காரவைத்தார். அவள் இருக்கைக்கு வேறொருவர் வந்துவிட்டார்; அவர் ஷூ போட்டுக்கொண்டு உட்காருகிறார், கற்றுக்கொள்கிறவர்களை நாயே பேயே என்று திட்டுகிறார். வண்டி கிளம்புகிற சத்தமும் நிற்கிற சத்தமும் ஜன்னல் வழியே கேட்டுக்கொண்டே இருக்கும். "பிரேக் அக்கா இல்லையா, அவங்ககிட்டதான் கத்துக்கணும்னு சொன்னாங்க" என்று போனில் கேட்பவர்களிடம், "அவங்க இப்ப வர்றதில்லங்க" என்று அவளே பதில் சொல்வாள்.

அவன் இப்போதும் நல்லவன்தான். சமைக்கிறான், துவைக்கிறான், ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகிறான், ஊன்றுகோலுக்கு அடியில் ரப்பர் தேய்ந்தால் தானே மாற்றுகிறான். ஒரே ஒரு வாக்கியம் மட்டும் அவன் வாயிலிருந்து வரவில்லை. தப்பு என் மேல்தான் என்று ஒரு தடவை, ஒரே ஒரு தடவை சொல்லியிருந்தால் போதும். "நானும்தாங்க ஒத்துக்கிட்டேன்" என்று சொல்லி அவள் பாதியை வாங்கிக்கொண்டிருப்பாள். அதற்கு வாக்கியங்கூடத் தயாராக வைத்திருந்தாள். சாப்பிடும்போது காத்திருந்தாள், ஆஸ்பத்திரி வரிசையில் காத்திருந்தாள். அவன் வானிலையைப் பற்றிப் பேசினான். விதி என்றான். யாருக்கு வேண்டுமானாலும் வரக்கூடிய வியாதிதான் என்றான்.

படத்துக்குப் பரிசு கிடைத்தது. இந்தத் தடவை இருபது முப்பது பேர் கூடுகிற இடமில்லை. பெரிய மண்டபம், நிறையக் கூட்டம், மேடையில் பேச்சு. தங்கை வரமாட்டேன் என்றுவிட்டாள். "அந்தக் கிழவனைப் பாத்தேன்னா திரையைக் கிழிச்சுப் போட்டுடுவேன். நீ எதுக்குப் போறே?" என்றாள்.

எதற்கென்று அவளுக்குத் தெரியும். வீட்டில் வராத வார்த்தை மேடையில் வந்தாலும் வரும். நாலு பேர் முன்னால் மனிதர்களுக்குச் சிலசமயம் தைரியம் வரும். கால்சட்டையின் வலது குழாயை மடித்துப் பின் குத்திக்கொண்டு, தலைவாரி, ஊன்றுகோலோடு கிளம்பினாள். மண்டபத்தில் நடைபாதை ஓரமாகப் பின்வரிசையில் உட்கார்ந்தாள்.

விளக்கணைத்ததும் கிழவர் வந்தார். சுவர் உயரத்துக்கு வந்தார். துணிக்கு அந்தப் பக்கத்தை அவள் முதன்முதலாக முழுசாகப் பார்த்தது அன்றுதான். கிழவர் தாடியை அசைத்தபோது கூட்டம் சிரித்தது. கண் வளர வளரச் சிரிப்பு அடங்கியது. கடைசியில் கதவு திறந்து வெளிச்சம் விழுந்து, அந்தக் கலங்கிய பெரிய கண் நிமிர்ந்து பார்த்தபோது, அவள் பக்கத்திலிருந்த பெண் மூக்கை உறிஞ்சினாள். கடைசிக் காட்சியில் கிழவர் துளிகூட ஆடவில்லை. நல்ல படம். வயிறெரிய ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும், மிக நல்ல படம்.

விளக்குகள் போட்டார்கள். அவனை மேடைக்கு அழைத்தார்கள். கூட்டத்திலிருந்து ஓர் இளம்பெண் எழுந்து கேட்டாள்: "சார், அந்தக் கண்ணு வளருதே, அதை எப்படிப் பண்ணீங்க? மேக்கப்பா? கம்ப்யூட்டர்லயா?"

"ரெண்டும் இல்லீங்க" என்றான்.

பின்வரிசையில் அவள் முன்னால் சாய்ந்தாள். இதுதான் இடம். இதைவிட நல்ல இடம் அவனுக்கு இனிமேல் கிடைக்கப்போவதில்லை. அவன் மைக்கை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினான். தொண்டையைச் செருமினான்.

"பொறுமை" என்றான். "பொறுமைதாங்க. வேற ஒண்ணுமில்ல."

மண்டபம் கைதட்டியது. அவன் தலைகுனிந்து ஏற்றுக்கொண்டான். நிமிர்ந்தபோது அவனுக்குத் தாராள மனசு வந்திருக்கவேண்டும். பின்வரிசைப் பக்கம் கையை நீட்டி, "அந்தக் கால் என் மனைவியோடது. இன்னிக்கு வந்திருக்காங்க. எழுந்திரிம்மா, எல்லாரும் பாக்கட்டும்" என்றான்.

கைதட்டல் இரண்டு மடங்கானது. தலைகள் திரும்பின. அவள் ஊன்றுகோலைத் தேடி எடுத்து, முன் இருக்கையைப் பிடித்துக்கொண்டு மெதுவாக எழுந்தாள். நடைபாதைக்கு வந்து, எல்லோருக்கும் தெரிகிற மாதிரி நின்றாள். மடித்துப் பின் குத்திய கால்சட்டையை முதலில் பார்த்தது பக்கத்து இருக்கைப் பெண். அவள் கை அந்தரத்தில் நின்றது. பிறகு அந்த வரிசை நின்றது. அதற்கு முன்வரிசை, அதற்கும் முன்வரிசை என்று கைதட்டல் மேடையைப் பார்த்து அடங்கிக்கொண்டே போனது. கேள்வி கேட்ட பெண் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தாள்.

மேடை விளக்குகள் அவன் கண்ணில் நேராக அடித்தன. அவனுக்கு அவள் எழுந்து நிற்பதுகூடத் தெரியவில்லை. கூச்சப்பட்டு உட்கார்ந்தே இருக்கிறாள், அதனால்தான் சத்தம் குறைந்துவிட்டதென்று நினைத்தான்போல. மைக்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, உற்சாகப்படுத்துகிற சிரிப்போடு, தானே தட்ட ஆரம்பித்தான். அத்தனை பெரிய மண்டபத்தில் அந்த இரண்டு கைகள் மட்டும் விடாமல் தட்டிக்கொண்டிருந்தன.